ரோஜர் ஷெர்மனைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்கா உருவான காலத்துத் தலைவர்களில் வாஷிங்டன், ஜெஃபர்சன் அளவுக்கு ரோஜர் ஷெர்மன் (1721–1793) பேசப்படுவதில்லை. அதனாலேயே ஒருவர் எழுதியதைப் பார்த்து இன்னொருவர் எழுத, பிழைகளும் சேர்ந்தே பரவுகின்றன.

பெயர்க் குழப்பம் சின்ன விஷயம். 1890இன் ஷெர்மன் ஏகபோக எதிர்ப்புச் சட்டம் ஜான் ஷெர்மன் என்ற செனட்டருடையது. உள்நாட்டுப் போர்த் தளபதி ஷெர்மனும் வேறு ஆள்தான். ஆண்டைப் பார்த்தாலே பிடிபட்டுவிடும்.

'யேல் கல்லூரியில் படித்த வழக்கறிஞர்' என்பதும் தவறு. செருப்புத் தைக்கும் தொழில் கற்றவர் அவர். கனெக்டிகட் காலனியில் நில அளவை செய்தார், பஞ்சாங்கம் போட்டார், தானாகவே சட்டம் படித்து 1754இல் வழக்கறிஞரானார். அமெரிக்கக் காலனிகளில் அப்போது சட்டக் கல்லூரியே கிடையாது. பிறகு யேலின் பொருளாளராக இருந்தார், 1768இல் கௌரவப் பட்டமும் பெற்றார். குழப்பம் அங்கிருந்து வந்திருக்கலாம். நீதிபதியாக இருந்துகொண்டே சட்டமன்ற மேலவையிலும் உட்கார்ந்தார் என்றால் நமக்கு விசித்திரமாக இருக்கும், அன்று அது சகஜம்.

பெரிய தவறு, 1787 அரசியலமைப்பு மாநாட்டில் அவர் ஒரு சமரசத் திட்டத்தைச் சொன்னார், எல்லோரும் ஏற்றுக்கொண்டார்கள் என்று ஒரே வரியில் முடிப்பது. புதிய நாடாளுமன்றத்தின் கீழவையில் மக்கள்தொகைப்படி இடம், மேலவையில் மாநிலத்துக்கு ஒரு வாக்கு என்று அவர் சொன்னது ஜூன் 11இல். மாநாட்டில் ஒவ்வொரு மாநிலக் குழுவுக்கும் ஒரு வாக்கு; அந்தக் கணக்கில் அன்றே மேலவைச் சமத்துவம் 6–5 என்று தோற்றது. ஜூலை 2இல் மறுபடி வாக்கெடுத்தபோது சரிசமமாக நின்றது. அப்புறம் சமரசம் காண ஒரு குழு போட்டார்கள். கனெக்டிகட்டின் சார்பில் தேர்வான எல்ஸ்வொர்த்துக்கு உடம்பு முடியாததால் ஷெர்மன் அதில் போய் உட்கார்ந்தார். ஜூலை 16இல்தான் 5–4 என்று நிறைவேறியது, மாசசூசெட்ஸ் குழு இரண்டாகப் பிரிந்து நின்றதால் அதன் வாக்கு எந்தப் பக்கமும் சேரவில்லை. தனி ஒருவரின் வெற்றி என்று எழுத இதில் இடமில்லை.

அதற்காக அவரைப் புனிதராகவும் ஆக்க வேண்டாம். அதே மாநாட்டில் அடிமை வணிகம் தனக்கு உடன்பாடில்லை என்று சொல்லிவிட்டு, அந்த விஷயத்தை அப்படியே விட்டுவிடலாம் என்றும் சொன்னார். மாநிலங்கள் ஒன்றாக இருப்பதே அவருக்கு முக்கியம். என் பார்வையில் இதை மறைத்துவிட்டு அவர் சமரசத் திறமையைப் புகழ்வது பாதி வரலாறுதான்.

உரிமைகள் சாசனத்தில் (அரசியலமைப்பின் முதல் பத்துத் திருத்தங்கள்) அவருக்குப் பங்கே இல்லை என்பதும் சரியல்ல. அது தேவையில்லை என்று ஆரம்பத்தில் சொன்னவர்தான். ஆனால் 1789 ஆகஸ்டில், திருத்தங்களை முன்மொழிந்த ஜேம்ஸ் மேடிசன் அவற்றை அரசியலமைப்பின் மூல வாசகத்துக்குள்ளேயே நுழைக்கப் பார்த்தபோது ஷெர்மன் குறுக்கே நின்றார். பித்தளை, இரும்பு, களிமண்ணைக் கலப்பது போல ஆகிவிடும் என்றார். 13ஆம் தேதி அவர் தோற்றார். 19ஆம் தேதி மறுபடி கொண்டுவந்து ஜெயித்தார். மூல வாசகம் தனியாக, திருத்தங்கள் அதற்குக் கீழே வரிசையாக இருக்கும் இன்றைய அமைப்பு அந்த வாக்கெடுப்பால் வந்தது.