பூமியை 1 செ.மீ. ஆக்குங்கள்

அறிவியல் வீடியோவில் வானியல் காட்சி எடுக்கும்போது கோடிக் கணக்கான கிலோமீட்டரை வாயால் சொல்லாதீர்கள். பூமியை 1 செ.மீ. உருண்டையாக வைத்துக்கொண்டு, மற்ற எல்லாவற்றையும் அதே அளவுகோலில் காட்டுங்கள். நிலா 2.7 மி.மீ. மணி, 30 செ.மீ. தள்ளி, மேசை மேலேயே முடிந்துவிடும். சூரியனோ 109 செ.மீ. பந்து, சுமார் 117 மீட்டர் தொலைவில். தொகுப்பாளர் அங்கே நடந்துபோக ஒன்றரை நிமிடம் ஆகும். நேரமில்லையா, நடையை வேகமாக ஓட்டிக் காட்டுங்கள். வெட்டி எடுத்துவிட்டால் காட்சியே போச்சு.

சூரியன் 15 கோடி கி.மீ. தொலைவில் என்பது பார்ப்பவருக்கு வெறும் சத்தம். ஒரு மனிதர் நடக்கும் தூரத்தைக் கண்ணே அளந்துவிடும்.

வழக்கமாகக் கெடுவது இரண்டு இடத்தில். உருண்டைகள் தெரியவில்லை என்று அவற்றை மட்டும் பெரிதாக்கிவிடுவார்கள். அப்போது தூரம் பொய்யாகிறது. இன்னொன்று, தூரத்தை நெருக்கிக் காட்டும் டெலிஃபோட்டோ லென்ஸ். பக்கவாட்டிலிருந்தோ மேலிருந்தோ அகலக் கோண லென்ஸில் எடுப்பதே சரி.

எல்லாத் தலைப்புக்கும் இது பொருந்தாது. அணுவில் தூர விகிதம் வேண்டுமானால் சரியாக வரும், ஆனால் எலக்ட்ரானை, அணுக்கருவைச் சுற்றிவரும் பந்தாகக் காட்டினாலே தவறு. நிலநடுக்க அளவும் அப்படித்தான்: 6-லிருந்து 7-க்குப் போனால் வெளிப்படும் ஆற்றல் சுமார் 32 மடங்கு. அதைச் சம இடைவெளிக் கோட்டில் வரைந்தால் ஒரு படி வித்தியாசம்போலத் தோன்றிவிடும்.