ஜீவனாம்ச உத்தரவு மீறப்பட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஆயத்தமாவது எப்படி?

நீதிமன்றம் உத்தரவிட்ட ஜீவனாம்சத்தை வாழ்க்கைத்துணை செலுத்தாதபோது, முதலில் உத்தரவின் சான்றிட்ட நகலைப் பெற்று, தொகையும் தவணை நாளும் ஐயத்துக்கு இடமின்றி எழுதப்பட்டுள்ளனவா என்று வரிவரியாகப் பாருங்கள். தெளிவற்ற உத்தரவை வைத்து அவமதிப்பை நிலைநாட்டுவது கடினம்.

அடுத்தது நிலுவைக் கணக்கு. மாதவாரியாகச் செலுத்த வேண்டிய நாள், தொகை, வந்த நாள், வந்த தொகை, மீதி என எழுதி, வங்கி அறிக்கையில் உரிய வரிகளை அடையாளமிட்டு இணையுங்கள். பாதித் தொகை வந்திருந்தால் அதையும் காட்டுங்கள். மறைத்த ஒரே வரவு முழுக் கணக்கின் நம்பகத்தன்மையையும் குலைத்துவிடும்.

வழக்கின் உயிர்நாடி வேறிடத்தில் இருக்கிறது. உத்தரவை அறிந்திருந்தும், செலுத்த வசதி இருந்தும், வேண்டுமென்றே செலுத்தாமல் இருப்பதே அவமதிப்பு. வேலையிழந்தவரின் உண்மையான இயலாமை அவமதிப்பாகாது. ஆகவே சம்பளச் சான்று, அண்மையில் வாங்கிய வாகனம் அல்லது சொத்தின் பதிவு போன்ற, சட்டப்படி பெற்ற ஆவணங்களைப் பிரமாணப் பத்திரத்துடன் சேர்ப்பது, கோபத்தில் எழுதிய பத்துப் பக்கங்களைவிட மேலானது. அறிவிப்பு எதிர்த்தரப்பிடம் முறைப்படி சேர்ந்ததற்கான சான்றும் அவசியம்.

உரிமையியல் அவமதிப்பில், அதாவது நீதிமன்ற உத்தரவை வேண்டுமென்றே மீறும் இவ்வகை அவமதிப்பில், சிறை என்பது பெரும்பாலும் பணத்தைக் கட்டவைப்பதற்கான நெருக்குதலே. சம்பளப் பிடித்தம், சொத்து ஜப்தி ஆகிய வழிகள் திறந்திருந்தால், பல நீதிமன்றங்கள் அவற்றையே முதலில் எதிர்பார்க்கும் என்பதால், இரண்டையும் வழக்கறிஞரிடம் கேட்டுவிட்டு மனுவில் கையெழுத்திடுங்கள்.