கிளிநொச்சி ரோட்டில படம் எடுக்க முதல்

கொழும்பில ரூம் எடுத்துத் தனிய இருக்கேக்க கமராவோட புறக்கோட்டையில திரிவன், அவ்வளவு சனத்துக்குள்ள ஒருத்தரும் என்னைப் பாக்கமாட்டினம், நானும் கேக்காமலே எடுப்பன். இங்க அது சரிவராது. முதல்ல கமராவை பாக்கில வச்சிட்டு தேத்தண்ணிக் கடையில இருந்து கதையுங்கோ, பிறகு "அம்மா, ஒரு படம் எடுக்கட்டோ?" எண்டு கேளுங்கோ, வேண்டாமெண்டா விடுங்கோ. 2017 பெப்ரவரியில காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளையளுக்காக இங்க போராட்டம் தொடங்கின அம்மாமாரைப் போல ஆக்களின்ர முகம் பிழையான கைக்குப் போனா கரைச்சல் அவைக்குத்தான். கையை மட்டும் எடுக்கலாம், மடியில இருக்கிற மகன்ர படத்தில தூசு துடைக்கிற விரல், அதுவும் கேட்டுத்தான். ஃபோனில லொக்கேசனை நிப்பாட்டுங்கோ. அடுத்தமுறை வரேக்க ஒரு பிரிண்ட் கொண்டுவந்து குடுங்கோ.