முடக்கக் காலத்தில் வாகனப் பேரணி நடத்தப் போகிறீர்களா? முதலில் இதைப் பாருங்கள்

2021 ஜனவரி 8 இரவு யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில், 2009 போரின் முடிவில் கொல்லப்பட்ட தமிழர்களுக்கான முள்ளிவாய்க்கால் நினைவுத்தூபியை இடித்தபோது, கனடாவில் கொரோனா முடக்கத்துக்குள் இருந்த நாங்கள் தெருவில் திரண்டு நிற்க வழியில்லை. அதனால் காரிலேயே வரிசையாகப் பேரணி போனோம்.

காருக்குள் இருந்தால் எந்தச் சட்டமும் தொடாது என்று மட்டும் நினைக்காதீர்கள். 2020 ஏப்ரலில் மெல்பேர்னில், ஹோட்டலில் அடைத்து வைக்கப்பட்டிருந்த அகதிகளுக்காகக் காரில் போனவர்களில் 26 பேருக்குத் தலைக்கு 1,652 டாலர் அபராதம் விழுந்தது. பேரணி நடத்தும் வாரத்தில் உங்கள் ஊரில் எதற்கெல்லாம் வெளியே போகலாம் என்ற முடக்க விதியைப் படித்து, ஒரு வழக்கறிஞரிடமும் கேட்டுவிட்டு நாள் குறியுங்கள்.

அடுத்தது பதாகை. நடைபாதையில் நிற்பவர் உங்கள் காரைப் பார்ப்பது இரண்டு மூன்று விநாடிதான், அதற்குள் பத்து வரி யாரும் படிக்க மாட்டார்கள். நான்கைந்து சொல் போதும், அதுவும் அந்த ஊர்க்காரருக்குப் புரியும் மொழியில், ஒரு சாண் உயர எழுத்தில், வெள்ளை அட்டையில் கறுப்பு மையால். பனிக்காலத்தில் ஈரக் கதவில் டேப் நிற்காது, பாதி வழியில் அட்டை பறந்து பின்னால் வருபவரின் கண்ணாடியில் விழும். பின் இருக்கைப் பக்கத்துக் கண்ணாடிகளில் உள்ளிருந்தே ஒட்டுங்கள். ஓட்டுபவரின் பார்வையையும் நம்பர் பிளேட்டையும் மறைக்காதீர்கள், கொடியை நீட்டிக்கொண்டு ஜன்னலில் உட்காரப் பிள்ளைகளை விடவே விடாதீர்கள்.

தொற்று பரவாமல் இருக்க, ஒரு காரில் ஒரே வீட்டில் வசிப்பவர்கள் மட்டும். மெதுவாகப் போக வேண்டியிருப்பதால் நெடுஞ்சாலை வேண்டாம். கனடாவில் வலது பக்கம் ஓட்டுவதால், வலப்பக்கத் திருப்பங்களாகவே வைத்துச் சுற்றினால் சிக்னலில் வரிசை அவ்வளவாக அறுபடாது. அறுபட்டாலும் சிவப்பு விளக்கைத் தாண்டாதீர்கள், முன்னால் போனவர்கள் காத்திருக்கட்டும். ஆம்புலன்ஸ் வந்தால் எல்லோரும் ஒதுங்க வேண்டும், ஆஸ்பத்திரி அருகே ஹாரன் கூடாது. ஓட்டுபவரின் தொலைபேசி, பக்கத்து இருக்கையில் இருப்பவர் கையில் இருக்கட்டும்.

பனி கொட்டும்போது என்ஜினை ஓடவிட்டு நிற்க நேர்ந்தால் புகைக்குழாயைப் பார்த்துக்கொள்ளுங்கள். பனி அடைத்தால் கார்பன் மோனாக்சைடு என்ற நச்சுவாயு காருக்குள் வரும், அதற்கு வாசனையே தெரியாது.

அப்புறம், கடைசிப் பதினைந்து நிமிடத்தில்தான் எல்லாம் கெடும். மாதக்கணக்கில் பார்க்காத நண்பர் இரண்டு கார் தள்ளி நிற்கும்போது இறங்கிப்போய்க் கட்டிப்பிடிக்கத்தான் தோன்றும். அதனால் ஓர் இடத்தில் கூடி முடிக்காமல், பாதை முடிகிற இடத்திலிருந்து அப்படியே அவரவர் வீட்டுக்குப் போகச் சொல்லிவிடுங்கள்.