அப்பா விட்டுப்போன காணியைக் காப்பாற்ற: இடைக்காலத் தடையுத்தரவு கேட்பது எப்படி?

கருமாதி முடிந்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை. பண்டாரவளையில் மாமா விட்டுப்போன 15 பேர்ச் காணியில் மூத்த மகன் ஆள் வைத்து மரம் வெட்டத் தொடங்கினார். மறுநாள் யாரோ வந்து டேப் பிடித்து அளந்தார்கள். அத்தை அழுதுகொண்டே எனக்குக் கோல் எடுத்தார். வழக்கு முடியும்வரை காணியில் கைவைக்காதே என்று எதிராளிக்கு நீதிமன்றம் போடுவதுதான் இடைக்காலத் தடையுத்தரவு. அதைக் கேட்டு வழக்கோடு அலைந்து நான் கற்றுக்கொண்டதை எழுதுகிறேன்.

1. பங்கு யாருக்கு என்று தெரிந்துகொள்ளுங்கள். தேசவழமைச் சட்டம் வடபகுதித் தமிழருக்கானது, மலையகத்தில் நமக்குப் பொருந்தாது. நமக்குப் பொதுச் சட்டம்தான். உயில் இல்லாமல் ஒருவர் இறந்தால் மனைவிக்குப் பாதி, மீதிப் பாதி பிள்ளைகளுக்குச் சமமாக. கல்யாணமாகிப் போன மகளுக்கும் பங்கு உண்டு. இங்கே நான் சொல்வது உறுதிப்பத்திரம் உள்ள காணிக்கு. தோட்டத்து லயக் காம்பராவின் கதை வேறு.

2. தாள்களைச் சேருங்கள். நொத்தாரிசு எழுதிய உறுதி, பிளான், காணிப் பதிவகத்தில் எடுத்த பதிவேட்டுப் பிரதி, மரணச் சான்றிதழ், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்கள். வெட்டிய மரத்தையும் அடித்த முளைக்குச்சியையும் அன்றைக்கே போட்டோ எடுங்கள். பொலிஸில் ஒரு என்ட்ரியும் போடுங்கள்.

3. சட்டத்தரணியிடம் போங்கள், இன்றைக்கே. வசதி இல்லாவிட்டால் சட்ட உதவி ஆணைக்குழுவில் கேட்கலாம். மூன்று மாதம் சும்மா இருந்துவிட்டு "அவசரம்" என்றால் நீதிபதி எப்படி நம்புவார்?

4. வழக்கும் மனுவும். தடையுத்தரவை மட்டும் தனியாகக் கேட்க முடியாது. மாவட்ட நீதிமன்றத்தில் காணி உரிமை பற்றிய வழக்கு வேண்டும், அதற்குள்தான் தடை கேட்கும் மனு. மனுவோடு சத்தியக்கடதாசியும் (சொல்வதெல்லாம் உண்மை என்று சத்தியம் செய்து கையெழுத்து வைக்கும் தாள்) போகும்.

இந்தச் சத்தியக்கடதாசியில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். அத்தையுடையது சிங்களத்தில் தயாராகியிருந்தது. வரிக்கு வரி தமிழில் சொல்லச் சொன்னோம். "காணி முழுவதும் என் அனுபவத்தில் இருக்கிறது" என்று ஒரு வரி. ஆனால் பின்பக்க அறையில் மூத்த மகன்தான் ஆறு வருடமாகக் குடியிருக்கிறார்! அதைத் திருத்திய பிறகே சமாதான நீதவான் முன்னால் கையெழுத்து வைத்தார். நமக்குப் பாதகமான உண்மையை மறைத்தால், அந்த ஒரு காரணத்துக்காகவே தடை கிடைக்காமல் போகலாம்.

5. நீதிமன்றம் என்ன பார்க்கும்? மேலோட்டமாகப் பார்த்தாலே உங்கள் பக்கம் ஒரு வழக்கு இருக்கிறதா, தடை கொடுக்காவிட்டால் உங்களுக்கு வரும் பாதிப்பு கொடுத்தால் அவருக்கு வருவதைவிடப் பெரிதா, நீங்கள் நேர்மையாக நடந்திருக்கிறீர்களா. வெட்டிய மரத்தைத் திரும்ப நட முடியாது என்பது இரண்டாவதற்கு நல்ல பதில்.

6. முதல் 14 நாள். பொதுவாக எதிராளிக்கு அறிவித்தல் அனுப்பிய பிறகே தடையுத்தரவு. அதுவரை காத்திருந்தால் காரியம் கெட்டுவிடும் என்று காட்டினால், அவரைக் கேட்காமலே ஒரு தடுப்புக் கட்டளை கிடைக்கும். முதலில் 14 நாளுக்கு மேல் போகாது. நீடிக்க வேண்டுமானால் தகுந்த காரணம் காட்டிக் கேட்க வேண்டும். தவணைத் தேதியைக் கலண்டரில் பெரிதாக எழுதி வையுங்கள்.

7. கட்டளை கிடைத்த பிறகு. அது எதிராளி கைக்குப் போய்ச் சேர்ந்ததா என்று உறுதிசெய்யுங்கள். மீறினால் அது நீதிமன்ற அவமதிப்பு. நீங்களே போய்ச் சண்டை பிடிக்காதீர்கள், போட்டோவோடு சட்டத்தரணியிடம் போங்கள். கட்டளையை மாற்றச் சொல்லவோ நீக்கச் சொல்லவோ எதிராளிக்கும் உரிமை உண்டு. போதிய காரணமில்லாமல் தடை வாங்கியதாகத் தெரிந்தால் நீங்கள்தான் நட்டஈடு கட்ட வேண்டி வரும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். பிரிக்காத காணியில் தன் பங்கை மட்டும் விற்க ஒரு பங்காளிக்கு உரிமை உண்டு, மற்றவர்கள் பங்கையும் சேர்த்து விற்கத்தான் முடியாது. அதனால் தடையுத்தரவோடு நின்றுவிடாமல், 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டத்தின் கீழ் வழக்குப் போடுவது பற்றியும் கேளுங்கள். அந்த வழக்கு காணிப் பதிவகத்தில் பதிவானால், வழக்கு முடியும்வரை யாரும் தன் பங்கைக்கூட விற்கவோ ஈடு வைக்கவோ முடியாது. அத்தையும் இப்போது அந்த வழக்கில்தான் இருக்கிறார். மிச்சம் நான்கு மரம் நிற்கிறது.