பழைய லேப்டாப், புது விண்டோஸ், காணாமல் போன வைஃபை

ராமேஸ்வரம் தீவின் தங்கச்சிமடத்தில் இருக்கும் மச்சானின் லேப்டாப்பில் விண்டோஸ் 7 இருந்தவரை வைஃபை ஒழுங்காக ஓடியது. 2020 ஜனவரியிலேயே அதற்கான அப்டேட் நின்றுபோனதே என்று விண்டோஸ் 10 ஏற்றிக் கொடுத்தேன். வைஃபை குறியே காணோம். "நல்லா இருந்ததைக் கெடுத்துட்டீகளே மாப்ள" என்றார்.

நெட்டுக்குப் போனை யூஎஸ்பி கேபிளில் சொருகி, போனின் நெட்டை லேப்டாப்புக்குக் கொடுக்கும் டெதரிங் போட்டேன். லேப்டாப்பின் பாகங்களைப் பட்டியலிடும் டிவைஸ் மேனேஜரில், வைஃபை கார்டு பக்கத்தில் மஞ்சள் ஆச்சரியக்குறி. டீட்டெயில்ஸில் ஹார்டுவேர் ஐடி பார்த்தால் தயாரிப்பாளருக்கு நாலு எழுத்து, சிப்புக்கு நாலு எழுத்து. கார்டை விண்டோஸோடு பேச வைக்கும் மென்பொருளான டிரைவரை இதை வைத்துத்தான் தேட வேண்டும். ஒரே லேப்டாப் மாடலில் வேறு வேறு கார்டு போட்டிருப்பார்கள். விண்டோஸ் 10க்கான டிரைவர் கிடைக்கவில்லை. விண்டோஸ் 7க்கான 64 பிட் டிரைவர் ஜிப்பை விரித்து, டிரைவரை நாமே காட்டும் 'ஹேவ் டிஸ்க்' வழியாக, அதை நிறுவும் விவரம் உள்ள ஐஎன்எஃப் ஃபைலைக் காட்டினேன். முனகாமல் ஏற்றுக்கொண்டது.

அப்புறமும் என் போன் ஹாட்ஸ்பாட் மட்டும் தெரியவில்லை. அரை மணி நேரம் வீண். கார்டுக்கு 2.4 கிகாஹெர்ட்ஸ்தான் தெரியும். போனோ 5இல் இருந்தது! மாற்றியதும் வந்தது.

வந்தது அடிக்கடி அறுந்தது. பவர் மேனேஜ்மென்டில், மின்சாரம் மிச்சம் பிடிக்கக் கார்டை அணைக்கும் டிக்கை எடுத்தேன், பாதி சரியானது. பேட்டரியைக் கழற்றிப் பின்மூடியைத் திறந்தால், உப்புக்காற்றில் கார்டின் தங்கப் பற்கள் கறுத்திருந்தன. மருமகளின் பென்சில் ரப்பரால் மெல்லத் தேய்த்து மாட்டினேன். கச்சான் என்கிற மேற்குக் காற்று அடிக்கிற வீட்டில் இதை முதலிலேயே பார்த்திருக்கலாம். இப்போது திண்ணை வரை சிக்னல் எடுக்கிறது.