ஒரு தேதியின் உலகச் செய்திகளைத் தொகுப்பது எப்படி? 1989 ஜூன் 4-ஐ வைத்து ஒரு செய்முறை

ஒரு பழைய தேதியை எடுத்துக்கொண்டு, அன்று உலகத்தில் என்னென்ன நடந்தது என்று எழுதிப் பார்க்கப் பலருக்கும் ஆசை உண்டு. உட்கார்ந்தால் ஐந்தாறு வரியில், நாள்காட்டித் தாளின் பின்பக்கம் மாதிரி முடிந்துவிடும். அப்படி இல்லாமல் படிக்கிற மாதிரி எழுத என்ன செய்யலாம் என்று பார்ப்போம். பயிற்சிக்கு 1989 ஜூன் 4-ஐ எடுத்துக்கொள்கிறேன். புதிதாக எழுதுகிறவர் தடுக்கி விழக்கூடிய எல்லாப் பள்ளமும் அந்த ஒரே தேதியில் இருக்கிறது.

படி 1: ஒரு வரிப் பட்டியல்

முதலில் விளக்கம் எதுவும் வேண்டாம். பெய்ஜிங்கில் தியனன்மென் சதுக்கத்தில் கூடியிருந்த மாணவர்களை ராணுவம் வெளியேற்றியது. ஈரானின் தலைவர் ஆயதுல்லா கொமேனி காலமான செய்தி வந்தது. சோவியத் ஒன்றியத்தில் உஃபா நகரத்துக்கு அருகே எரிவாயு வெடித்து இரண்டு ரயில்கள் எரிந்தன. போலந்தில் தேர்தல் நடந்தது. இந்த நான்கு போதும். பத்துப் பதினைந்து சேர்த்தால் எதையும் ஒழுங்காகச் சொல்ல முடியாது.

படி 2: கடிகாரத்தைச் சரிபாருங்கள்

நேரம் அதிகம் செலவழிக்க வேண்டிய இடம் இதுதான். பெரும்பாலான தொகுப்புகள் சொதப்புவதும் இங்கேதான்.

கொமேனி இறந்தது ஜூன் 3 இரவு, டெஹ்ரான் நேரம் சுமார் 10.20. வானொலியில் அறிவித்தது மறுநாள் காலை. ரயில் விபத்துக்கோ இரண்டு தேதி உண்டு. சோவியத் ரயில்வே முழுக்க மாஸ்கோ நேரத்தில் ஓடியது. அந்தக் கணக்கில் வெடித்தது ஜூன் 3 இரவு 11.15. உள்ளூர்க் கடிகாரத்தில் அப்போது ஜூன் 4 அதிகாலை 1.15. ஆக, இரண்டு தேதியுமே சரி.

பெய்ஜிங்கில் இன்னொரு சிக்கல். இன்று சீனாவுக்கும் நமக்கும் இரண்டரை மணி நேர வித்தியாசம். 1986 முதல் 1991 வரை சீனா கோடைக்காலத்தில் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைத்தது. அதனால் அன்றைய வித்தியாசம் மூன்றரை மணி. மாணவர்களை வெளியேற்றும் முன் சதுக்கத்து விளக்குகளை அணைத்தது அங்கே அதிகாலை 4 மணிக்கு. இந்திய நேரப்படி நள்ளிரவு 12.30.

இப்போது மூன்றையும் இந்திய நேரத்துக்கு மாற்றிப் பாருங்கள். கொமேனி மரணம் 12.20. விளக்கு அணைந்தது 12.30. உஃபா வெடிப்பு 12.45. மூன்றும் அரை மணி நேரத்துக்குள்! தேதியை மட்டும் பார்த்து எழுதியிருந்தால் இது கண்ணிலேயே பட்டிருக்காது. பல ஊர்ச் செய்தி என்றால், ஒரு தாளில் உள்ளூர் நேரம், இந்திய நேரம் என்று இரண்டு பத்தி போட்டுக்கொள்ளுங்கள். அந்த வருடம் அந்த நாட்டில் கோடைக்கால நேரம் இருந்ததா என்று தேடிப் பார்க்காமல் கூட்டிக் கழிக்காதீர்கள்.

சரி, எந்தத் தேதியில் சேர்ப்பது? நான் செய்தி வெளியான தேதியை எடுத்துக்கொள்வேன். நிகழ்ந்த நேரத்தை உள்ளே ஒரு வரியில் சொல்லிவிடலாம். வேறு முறையும் பின்பற்றலாம், ஆனால் தொகுப்பு முழுக்க ஒரே முறை இருக்க வேண்டும்.

படி 3: அன்று தெரிந்தது, பிறகு தெரிந்தது

போலந்துச் செய்திக்கு ஜூன் 4 அன்று முடிவே கிடையாது. ஞாயிற்றுக்கிழமை வாக்குப்பதிவு நடந்தது, அவ்வளவுதான். கீழவையின் 460 இடங்களில் 161-க்கு மட்டுமே சுதந்திரமான போட்டி. மீதி ஆளும் கம்யூனிஸ்ட் கட்சிக்கும் அதன் கூட்டாளிகளுக்கும் முன்பே ஒதுக்கப்பட்டவை. மேலவையின் 100 இடங்களிலும் போட்டி உண்டு. வேண்டாத பெயரை அடித்துவிடுவதுதான் வாக்களிக்கும் முறை. ஆளும் தரப்பின் முக்கியப் புள்ளிகள் 35 பேர் போட்டியே இல்லாமல் ஒரு தேசியப் பட்டியலில் நின்றார்கள். மக்கள் அடித்துத் தள்ளியதில் 33 பேர் தேறவில்லை. ஜூன் 18-இல் நடந்த இரண்டாம் சுற்றும் முடிந்தபோது, ஆளும் கட்சியை எதிர்த்து நின்ற தொழிற்சங்க இயக்கமான சாலிடாரிட்டி 161-ஐயும் பிடித்திருந்தது, மேலவையில் 99.

இதெல்லாம் பின்னால் தெரிந்தவை. தொகுப்பில் இவற்றைத் தனிப் பத்தியில் வையுங்கள். "அன்று போலந்தில் கம்யூனிச ஆட்சி வீழ்ந்தது" என்று எழுதினால் தப்பு. சாலிடாரிட்டியைச் சேர்ந்த மஸோவியெட்ஸ்கி பிரதமரானது ஆகஸ்டில்.

பழைய நாளிதழ் பார்க்கிறவர்களுக்கு ஒரு யோசனை: 5-ஆம் தேதி இதழையும் சேர்த்துப் பாருங்கள். 4-ஆம் தேதி இதழ் முந்தின இரவே அச்சுக்குப் போனது.

படி 4: எண்ணுக்குப் பக்கத்தில் சொன்னவர் பெயர்

பெய்ஜிங்கில் எத்தனை பேர் இறந்தார்கள்? பொதுமக்கள் இருநூறுக்கு மேல், அதோடு சில டஜன் ராணுவத்தினர் என்றது சீன அரசு. அப்போதைய பிரிட்டிஷ் தூதர் தன் அரசுக்கு அனுப்பிய தந்தியில் குறைந்தது 10,000 என்று எழுதியிருந்தது 2017-இல் வெளியானது. இரண்டையும் கூட்டி நடுவில் ஒரு எண் போடுவது மோசடி. யார் சொன்னது, எப்போது சொன்னது என்று எழுதினால் போதும்.

படி 5: படம்

டாங்கி வரிசைக்கு முன்னால் கையில் பையோடு ஒருவர் தனியாக நிற்கும் படத்தை ஜூன் 4 தொகுப்பில் போடாத ஆள் இல்லை. அது ஜூன் 5 எடுத்தது. போட்டே ஆக வேண்டும் என்றால் அடியில் தேதியைக் குறிப்பிடுங்கள்.

படி 6: எழுதுங்கள்

ஒரு செய்திக்கு நான்கைந்து வாக்கியம். மாதிரிக்கு உஃபா:

"நோவோசிபிர்ஸ்க் – அட்லர் பாதையில் இரண்டு பயணிகள் ரயில்கள் எதிரெதிரே கடந்துகொண்டிருந்தன. பக்கத்தில் சென்ற குழாயிலிருந்து திரவ எரிவாயு கசிந்துகொண்டிருந்தது. அழுத்தம் குறைவதைக் கண்ட ஊழியர்கள், கசிவைத் தேடாமல் அழுத்தத்தைக் கூட்டினார்கள். காற்றைவிடக் கனமான அந்த வாயு தண்டவாளம் ஓடும் பள்ளத்தில் தேங்கியது. ரயில்கள் வந்தபோது தீப்பொறி பட்டு வெடித்தது. அதிகாரபூர்வக் கணக்குப்படி 575 பேர் இறந்தார்கள்; அவர்களில் குழந்தைகள் ஏராளம்."

"உலகை உலுக்கிய", "நெஞ்சைப் பதறவைத்த" எதுவும் இதில் இல்லை. உங்கள் வரைவில் இருந்தால் அடித்துவிடுங்கள். அப்புறம் வரிசை. நான் கடிகார வரிசையில்தான் வைப்பேன்: டெஹ்ரான், பெய்ஜிங், உஃபா, கடைசியில் போலந்து. பெரிய செய்தி எது என்று நாமே முடிவு கட்டி மேலே வைத்தால் பெய்ஜிங் மற்ற மூன்றையும் விழுங்கிவிடும். நடந்ததும் அதுதான்: அந்த வாரம் போலந்துக்கு முகப்புப் பக்கத்தில் கிடைத்த இடம் கொஞ்சம்தான்.